தெரியாததுக்கு ஐந்து வெள்ளி

பாகான் செராய் ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில்
காசு போட்டுத் துணி துவைக்கும் கடையில்
குளிர்சாதனம் உண்டு, சோப்பு வாசம் உண்டு.
துவைக்க ஒன்றும் இல்லாமல் உட்கார்ந்தாலும்
யாரும் ஏனென்று கேட்பதில்லை.
அங்கிருந்துதான் நான்கு முறை
பினாங்குக்குப் போய் வந்தோம்,
நாற்காலியை விட்டு எழாமல்.

அப்பாவின் லோரியில் கிடந்த எடைச்சீட்டு.
முன்பக்கம்
செம்பனைக் குலை எட்டு டன் நானூற்று இருபது கிலோ.
பின்பக்கம்
ஆள் மூன்று, இரவு இரண்டு,
தலைக்கு நூற்றிருபது வெள்ளி.

ரயில் நேரமெல்லாம் குபேந்திரனுக்கு மனப்பாடம்.
சாப்பாட்டுக்கும் அவனிடம் வழி இருந்தது:
நாசி கண்டார் கடையில் கறி கேட்காதே,
எல்லாக் குழம்பையும் கலந்து 'பஞ்சிர்' என்று சொல்,
தட்டில் வெள்ளம் வரும்,
வெள்ளத்துக்கு விலை இல்லை.

கொடிமலை ரயிலை அடித்தோம்.
கீழே நின்று மலையைப் பார்க்கக் காசு வேண்டாம்
என்றாள் மிதுலா.
சுவரோவியத்துக்கும் கடலுக்கும் சுழியம் போட்டோம்.
சுழியங்கள் சேரச் சேர
சீட்டு அழகாகிக்கொண்டே போனது.

சூலியா தெருவில் ஒரு விடுதி.
ஆறு பேர் அறை, படுக்கைக்கு இருபத்தெட்டு வெள்ளி.
நான் சனி ஞாயிறு நிற்கும் பெட்ரோல் நிலையத்தில்
மணிக்கு ஏழு.
நான்கு மணி நேரம் நின்றால்
ஓர் இரவு படுக்கலாம்.

படுக்கைக்குத் தனித் திரை.
தலைமாட்டில் தனி விளக்கு.
எங்கள் வீட்டில் விளக்கை அணைப்பது
எப்போதும் வேறு யாரோ;
நான் பாதிப் பக்கத்தில் இருக்கும்போதே
இருட்டிவிடும்.
கைப்பேசியில் அந்த விளக்கின் பொத்தானை
இரண்டு விரலால் இழுத்துப் பெரிதாக்கி
வெகு நேரம் பார்த்திருந்தேன்.
மிதுலா என்னவென்று கேட்டாள்.
மூட்டைப்பூச்சி இருக்கான்னு பார்க்கிறேன் என்றேன்.

ஐந்தாம் முறை குபேந்திரன் சொன்னான்:
நீங்க ரெண்டு பேரும் போங்க.
எனக்குக் கடலைப் பார்த்தா தலை சுத்தும்.

குபேரன் பேரில் பாதியை வைத்துக்கொண்டு
அவன் துவைக்கும் இயந்திரத்தையே பார்த்தான்.
உள்ளே யாருடைய பள்ளிச் சீருடையோ
சுற்றிச் சுற்றி வந்தது.
அதைப் பார்த்து அவனுக்குத் தலை சுற்றவில்லை.

வெளியே அவன் மோட்டாரில் பழைய டயர்.
போன வாரம் புதிதாய் மாற்றப்போகிறேன் என்றவன்.

யாரும் எதுவும் பேசவில்லை.
மிதுலா பென்சிலை வாங்கி
இரண்டை ஒன்றாக்கினாள்.
ரெண்டாவது ராத்திரி எப்படியும் போரடிக்கும் என்றாள்.
அவன் எட்டிப் பார்த்தான்.
கூட்டுத்தொகையின் மேல் கண் நின்றது,
பிறகு நகர்ந்தது.

பென்சில் என்னிடம் வந்தது.
மீதமிருந்த ஒன்றையும் அடித்தேன்.
அழுத்திவிட்டேன் போல,
கோடு முன்பக்கம் புடைத்துக்கொண்டு
எட்டு டன்னுக்குக் குறுக்கே ஓடியது.

முதல் ரயிலில் போய்க் கடைசி ரயிலில் திரும்பினால்
ரயிலுக்குப் பதின்மூன்று, ஃபெரிக்கு நான்கு,
வயிற்றுக்குப் பதினாறு,
தெரியாததுக்கு ஐந்து.
முப்பத்தெட்டு வெள்ளி.

அவன் கொஞ்ச நேரம் கழுத்தைச் சொறிந்தான்.
ஃபெரிக்கு நடுவுல நின்னா தலை சுத்தாதாம்,
எங்கியோ படிச்சிருக்கேன் என்றான்.

சனிக்கிழமை, இன்னும் விடியவில்லை.
எங்களுக்கு முன்பே மேடையில் நிற்கிறான்,
கையில் டப்பா, மூன்று பேருக்கு மீஹூன்,
மூடியைத் திறந்தால் ஆவி.
பசியாறக் கணக்கில் போட்டிருந்த நான்கு வெள்ளி
அப்படியே மிச்சம்.
எங்கே எழுதுவதென்று தெரியாமல்
தெரியாததோடு சேர்த்தேன்.

ஒன்பது வெள்ளி.
இவ்வளவு தெரியாததை வைத்துக்கொண்டு
ஒரு பகலில் என்ன செய்ய?
ரயில் எட்டு நிமிடம் தாமதமாம்.
அதுவும் அவன் சொன்னதுதான்.